அமிர்தம் போட்ட கோடுகள்

அமிர்தம் தனியாகச் சிரிக்க ஆரம்பித்த நாளிலிருந்து மணவாளனுக்குச் சோறு இறங்கவில்லை.

சிரிப்புக்குக் காரணம் ஒரு ரீடர். கரிக்கலாம்பாக்கத்தில் ரீடர் என்றால் கரண்டு மீட்டர் பார்க்க வருகிறவர் என்றுதான் அர்த்தம். இது வேறு. மகள் செல்வகுமாரி சென்னையிலிருந்து அம்மாவுக்கு வாங்கி அனுப்பியது. சிலேட்டு மாதிரி இருக்கும், அதற்குள் நூறு புத்தகம் அடங்கும். மத்தியானம் பாத்திரம் கழுவி முடித்ததும் அமிர்தம் அதை எடுத்துக்கொண்டு உட்கார்ந்துவிடுவாள். படிப்பாள். விரலால் ஒரு கோடு போடுவாள். நிமிர்ந்து புருஷனைப் பார்ப்பாள். சிரிப்பாள்.

"இன்னாடி படிக்கிற?"

"புக்கு."

"இன்னா புக்கு?"

"படிக்கிற புக்கு."

இதற்குமேல் ஒரு மனுஷன் எப்படிக் கேட்பது?

அவள் கோயிலுக்குப் போன நேரம் பார்த்து, ரீடரைத் துண்டில் சுற்றிக்கொண்டு வில்லியனூருக்குப் போனார். அங்கே சேவியர் செல்போன் கடை வைத்திருந்தான். மணவாளனோடு ஒரே பள்ளிக்கூடத்தில் இரண்டு வகுப்பு கீழே படித்தவன்.

"அவ எங்க கோடு போட்டாலும் எனக்குத் தெரியணும்பா."

"அதுக்கு மொதல்ல இதுல வேற சாப்ட்வேர் ஏத்தணும்ண்ணே. அதுக்கு மேல ஒரு பிளக்-இன் போடணும்."

"பிளக்கா? அதான் சார்ஜர் குடுத்துருக்கானே."

"அந்தப் பிளக்கு இல்லண்ணே. இது குட்டி சாப்ட்வேரு, பெரிய சாப்ட்வேர் இடுப்புல ஒக்காந்துக்கும். அண்ணி கோடு போட்டா அந்த வரி மட்டும் உங்க செல்லுக்கு வந்துரும்."

"அவளுக்குத் தெரியுமா?"

"நீங்க சொன்னாத்தான்."

சேவியர் ஒருமுறை நிமிர்ந்து பார்த்தான். மணவாளன் அவசரமாகத் திரும்பி, சுவரில் தொங்கிய செல்போன் உறைகளை ஒவ்வொன்றாக எண்ணினார். முப்பது வருஷம் குடும்பம் நடத்தியவளை இப்படி வேவு பார்க்கிறோமே என்று கூசியது. கூசிக்கொண்டே போட்டுக்கொண்டு வந்தார்.

மறுநாள் மத்தியானம் சட்டைப் பையில் 'டிங்'.

'வாய்விட்டுச் சொல்லவில்லை என்பதற்காக வலி இல்லை என்று எண்ணிவிடக் கூடாது.'

மணவாளனுக்குச் சுருக்கென்றது. ஏதோ பெரிய நாவல் போலிருக்கிறது. பாவி, இதற்கா கோடு போடுகிறாள்?

அடுத்த நாள்: 'முழங்கால் வீங்கியிருந்தால் நாள் கடத்தாமல் மருத்துவரிடம் காட்டவும்.'

ஓரக்கண்ணால் பார்த்தார். அமிர்தம் சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள். இது எப்போதிலிருந்து? அன்றைக்கே அரியூர் ஆஸ்பத்திரிக்கு வண்டியில் கூட்டிப் போனார்.

"எவ்ளோ நாளா வலிக்குதும்மா?" என்றார் டாக்டர்.

"ஒரு வருஷம் இருக்கும்."

டாக்டர் மணவாளனைப் பார்த்தார். மணவாளன் ஃபேனைப் பார்த்தார்.

அதற்குப் பிறகு வரிகள் தினமும் வந்தன. 'உச்சி வெயிலில் வேலை வாங்காமல் காற்றோட்டமான இடத்தில் ஓய்வு தரவும்' என்று வந்தது. அடுப்படிக்கு ஃபேன் மாட்டினார். 'எப்போதும் ஒரே இடத்தில் அடைத்து வைத்தால் மனம் சோர்ந்துவிடும்' என்று வந்தது. பாகூர் ஏரிக்கரைக்குக் கூட்டிப் போய்ச் சுண்டல் வாங்கிக் கொடுத்தார். 'தினமும் முதுகைத் தடவிக் கொடுத்து மெல்லிய குரலில் பேசவும்' என்று வந்த அன்றுதான் திண்டாடிப் போனார். கதவைச் சாத்திவிட்டு, அவள் பின்னால் போய் நின்று, முதுகில் கையை வைத்தார்.

"இன்னாங்க, முதுவுல எறும்பா?"

"இல்ல... சும்மா."

"சும்மாவா?" என்று அவள் திரும்பிப் பார்த்த பார்வையில் மணவாளனுக்குக் காது மடல் சுட்டது. சும்மா ஒருநாள்கூடத் தொட்டதில்லையே.

ஆனாலும் வெட்கம் பழகப் பழகப் பெருமையாகிவிட்டது. டீக்கடையில் நாலு பேருக்குப் புத்தி சொல்ல ஆரம்பித்தார்.

"பொம்பளைங்க மனச படிக்கணும் நடேசா. நான் படிக்கிறேன். எழுதுனவன் மகான்பா. இரு, இப்பத்தான் ஒண்ணு வந்துச்சி." கண்ணாடியை மாட்டிக்கொண்டு உரக்கப் படித்தார். "'கறப்பதற்கு முன் மடியை வெதுவெதுப்பான நீரில்...'"

நடேசன் டீ கிளாஸைக் கீழே வைத்தான்.

"மாமா," என்றான், "அது பால் சொசைட்டில குடுத்த மாடு வளர்ப்பு புக்கு. எம் பொண்டாட்டி செல்லுலயும் இருக்கு."

டீக்கடை சிரித்தது. பால் கேன் உருண்ட மாதிரி சிரித்தது. பாதி டீயை அப்படியே வைத்துவிட்டு, தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு வயல் வரப்பு வழியாக வீடு வந்து சேர்ந்தார்.

அமிர்தம் புது ஃபேனுக்கு அடியில் உட்கார்ந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள்.

"மாடு வளர்ப்பா படிச்ச?"

"ஆமா. சொசைட்டில சேந்து மூணு மாசம் ஆவுது. வெள்ளிக்கிழமை மாடு வருது. கேட்டா வேணாம்பீங்க, அதான் சொல்லல."

"நான்... அந்த ரீடர்ல..."

"தெரியும். நான் இங்க கோடு போட்டா உங்க சட்டைல டிங்குங்குது. மூணாவது கோட்டுலயே புரிஞ்சி போச்சி."

மணவாளன் தரையைப் பார்த்தார். சேவியர் கடையில் தொங்கிய உறைகள் மொத்தமும் கண்ணுக்கு முன்னால் ஆடின. திட்டியிருந்தால்கூடத் தேவலை.

"தப்புதான் அமிர்தம். உன்ன சந்தேகப்பட்டுட்டேன்."

அவள் அடுத்த வெங்காயத்தை எடுத்தாள்.

"ஆனா ஒண்ணு," என்றார், கொஞ்சம் தைரியம் வந்து. "காலு வலி, ஃபேனு, ஏரிக்கரை எல்லாம்... எனக்குத் தெரியட்டும்னுதானே கோடு போட்ட?"

"நான் மாட்டுக்குத்தாங்க போட்டேன்," என்றாள் அமிர்தம். "நீங்களா வந்து கழுத்த நீட்டுனா நான் இன்னா பண்றது?"