அறுபது தவணை

பத்தாம் தேதிக்குள் தவணை கட்டாவிட்டால் தையல் மெஷினைத் தூக்கிக்கொண்டு போக ஆள் வரும் என்பது கோர்ட் உத்தரவு. இன்றைக்குப் பத்தாம் தேதி. தையல்காரரின் வலது காலில் மாவுக்கட்டு.

"நான் போய்க் குடுத்துட்டு வரேன்" என்று மனைவி கிளம்பினாள். போன சுருக்கில் பணத்தோடு திரும்பினாள்.

"வாங்க மாட்டேங்கிறாரு. கடன் வாங்கின ஆளே வந்து தரணுமாம். உங்க காலைப் பத்திச் சொல்றதுக்குள்ள உள்ள போயிட்டாரு."

கடன் கொடுத்தவர் அச்சகக்காரர். பள்ளிக்கூடத்திலிருந்தே சிநேகிதர். கடன் வாங்கி ஆரம்பித்த துணிக்கடை படுத்ததும், தையல்காரர் வெட்கத்தில் அவர் எதிரே வந்தால் சந்து மாறிப் போனார். இரண்டு வருடம் பொறுத்துப் பார்த்துவிட்டு அச்சகக்காரர் கேஸ் போட்டார். அதோடு பேச்சுவார்த்தையும் போயிற்று.

பத்தொன்பது மாதமாகப் பணத்தை நீட்டுவார் இவர், ரசீது எழுதுவார் அவர். அந்த ஒரு ரசீதுக்கு ஒரு மணி நேரம் ஆகும். பேனா எழுதாது. எழுதினால் தேதி தப்பாகும். மை காய்வதற்குள் டீ வந்துவிடும், குடிக்காமல் எழுந்திருக்க முடியாது.

தையல்காரர் போனிலேயே பணம் அனுப்பினார். இரண்டே நிமிஷத்தில் அது திரும்பி வந்தது.

"பாத்தியா! தவணை தவறணும், மெஷினைத் தூக்கணும், அதான் அவன் திட்டம். மொத்தத்தையும் உங்கண்ணன்கிட்ட வாங்கி அவன் மூஞ்சில விட்டெறியறேன்!"

மச்சான் ஆயிரம் புத்தி சொல்லிவிட்டுப் பணம் கொடுத்தார். டாக்ஸியில் கால் பின்சீட்டு முழுவதையும் அடைத்துக்கொண்டது. அச்சகம் மாடியில் இருந்தது. தையல்காரர் ஒவ்வொரு படியிலும் உட்கார்ந்து உட்கார்ந்து, பின்பக்கமாகவே ஏறி வந்து சேர்ந்தார்.

"ஐயோ, காலுக்கு என்னடா?" அச்சகக்காரர் பதறி எழுந்தார்.

"அது எதுக்கு உனக்கு? மிச்சம் நாப்பத்தோரு தவணையும் இதுல இருக்கு. இனிமே உன் வாசப்படி மிதிக்க மாட்டேன்."

அச்சகக்காரரின் முகம் செத்துப்போயிற்று.

"மொத்தமா வாங்க முடியாது. மாசம் ஒண்ணுன்னுதான் உத்தரவு."

"குடுக்கற பணத்தை வேண்டாங்கற ஆளை இப்பதான்டா பாக்கறேன்!"

"ரசீது புக்கு தீந்துபோச்சு."

"பிரஸ்ஸே வெச்சிருக்கியேடா!"

அச்சகக்காரர் டீ போடுகிறேன் என்று முணுமுணுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார். இத்தனை நாள் சிநேகிதம் இப்படியா முடிய வேண்டும் என்று தையல்காரர் நினைத்துக்கொண்டார்.

அச்சகக்காரரின் மகள் ஒரு முக்காலியைக் கொண்டுவந்து, அவர் காலைத் தூக்கி அதன் மேல் வைத்தாள்.

"பாரும்மா உங்கப்பனை! கோர்ட்ல என் வக்கீல் கெஞ்சி அறுபது தவணை வாங்கித் தந்தாரு. அது பொறுக்கல இவனுக்கு."

அவள் உள்பக்கம் ஒருமுறை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள்.

"உங்க வக்கீல் கேட்டது ஆறு தவணைதான் சித்தப்பா. அதை அறுபதாக்கச் சொல்லி ஜட்ஜ்கிட்ட கெஞ்சினது எங்கப்பா, ஆறே மாசத்துல நீங்க வர்றது நின்னுபோயிடுமாம்."