தம்பி டெலிவிஷனில் அவிழ்த்துவிட்ட கொழுந்துக் கூடை

சேசு மரி சூசை துணை

மஸ்கெலியா,
14.11.1962

அன்புள்ள தம்பி பத்திநாதனுக்கு அண்ணன் மரியநாயகம் எழுதுவது. இங்கு நானும் உன் மதினியும் மகள் பவுலினும் தேவகிருபையால் சுகம். இலண்டனில் உன் சுகத்தை நீ எழுத வேண்டியதில்லை, துரையே சொல்லிவிட்டார்.

லீவில் சீமைக்குப் போயிருந்த எங்கள் தோட்டத்துத் துரை போன மாதம் திரும்பி வந்து, ஆபீஸில் அத்தனை பேருக்கும் முன்னால், "கிளாக்கர், ஒன் தம்பி டெலிவிஷன்ல பேசுறான்" என்றார். எனக்குப் பெருமையில் தலைகால் புரியவில்லை. மிச்சத்தையும் சொன்னார், தலை சுற்றிவிட்டது. மன வைத்தியத்தைச் சாதாரண சனங்களுக்கு விளங்க வைக்க வாரா வாரம் அந்தப் பெட்டிக்குள் பேசுகிறாயாமே, பேசு. உதாரணம் காட்ட அவ்வளவு பெரிய சீமையில் வேறு குடும்பமே கிடைக்கவில்லையா? நீ பிறந்த நாற்பதாம் நாள், ஆறு வயது அண்ணன் பொறாமையில் உன்னைக் கொழுந்துக் கூடையில் போட்டு, கொழுந்து நிறுக்கிற நிறுவைக்குக் கொண்டுபோய், தேயிலையோடு தோட்டத்துக்கே கொடுத்துவிடப் பார்த்தானாம்! அடப்பாவி! அம்மா சிரிப்புக்குச் சொன்னதையா ஊர் உலகத்துக்குச் சொல்லுவ? நீ பசியில் கத்துன, நிறுவையில நின்ன அம்மாகிட்ட பால் குடிக்கத் தூக்கிட்டுப் போனேன், அவ்வளவுதான். உள்மனசாம், உள்மனசு! ஆறு வயசுப் பயலுக்கு மேல்மனசே கிடையாதுடா.

அதோடு விட்டதா? துரைக்கும் உன் பைத்தியம் தொற்றிவிட்டது. காலையில் பெரட்டுக் களத்தில் வேலை பிரிக்காமல் ஒவ்வொரு ஆளிடமும் ராத்திரி கண்ட கனவைக் கேட்கிறார். வீரய்யா, "தொரைய அட்டை கடிக்கிற மாதிரி கண்டேனுங்க" என்றான். அது பெற்ற தகப்பன்மேல் உள்ள கோபமாம், பாவம் என்று ஒருநாள் ஓய்வு கொடுத்தார். மறுநாள் எண்பது பேர் கனவிலும் துரையை அட்டை கடித்தது. மலையில கொழுந்து முத்திக் கெடக்குது.

சிரிக்காதே, இனிமேல்தான் விஷயம். பவுலினைப் பெண் பார்க்கக் கொட்டகலையிலிருந்து வந்தார்கள். எல்லாம் பேசி முடிகிற நேரம், மாப்பிள்ளையின் தாய், "கூடப்பொறந்த புள்ளைய நிறுவைக்குப் போட்டது நீங்கதானுங்களா?" என்று கேட்டார். போனவர்களிடமிருந்து ஒரு வாரமாகப் பதில் இல்லை. எம்புள்ள சாப்பிடாம அழுதுகிட்டே கெடக்கா. ஆகவே அடுத்த வாரமே அந்தப் பெட்டியில் தோன்றி, "நான் சொன்னது பொய்" என்று சொல். சொல்லாவிட்டால் நீ எனக்குத் தம்பியே இல்லை, பாலன் பிறக்கிற நத்தாருக்கும் இந்தப் பக்கம் வராதே.

தேவமாதா உன்னையும் உன் வாயையும் காப்பாளாக.

இப்படிக்கு,
வெட்கத்தில் வெளியே தலைகாட்டாத அண்ணன்
மரியநாயகம்

பி.கு.: பவுலின் இதை வாசித்துவிட்டு, "சத்தியமாவாப்பா?" என்று கேட்டாள். அவள் முகத்தைப் பார்த்துப் பொய் சொல்ல முடியவில்லை. அன்றைக்கு அம்மா வேலைக்கே போகவில்லை, காய்ச்சலில் லயத்து வீட்டில் படுத்திருந்தா. கணக்கப்பிள்ளை உன்னைக் கூடையோடு தராசில் தொங்கவிட்டு, "கூடை போக ஒம்போது றாத்தல்" என்றார். "வச்சுக்குங்க, திருப்பித் தர வேணாம்" என்றேன். அவர் சிரித்துக்கொண்டே உன்னை என் கையில் கொடுத்ததும், நான் ஓவென்று அழுதேன். திருப்பித் தந்துவிட்டாரே என்றா, தராமல் இருந்திருந்தால் என்றா, இன்றுவரை எனக்கு விளங்கவில்லை. வைத்தியன் நீதானே, சொல்லு. டெலிவிஷனில் வேண்டாம். நத்தாருக்கு வந்து என்கிட்ட சொல்லு.