ஆறு ரவுட்டருக்கு வைத்த பொட்டு

திருவந்திபுரம்,
8.10.2011

அன்பு மச்சான் தேவநாதன் அவர்களுக்கு,

உங்கள் தங்கை மங்கலத்தின் வீட்டுக்காரன் கொளஞ்சியப்பன் வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. சிதம்பரத்தில் எல்லோரும் சுகம் என்று நம்புகிறேன். இங்கே உடம்புக்குக் குறைவில்லை, மனசுதான் நொந்து கிடக்கிறது. போனில் சொன்னால் அழுதுவிடுவேன், அதனால்தான் கடிதம்.

எங்கள் பையன், உங்கள் மருமகன் அன்பரசு நெட்வொர்க் பரீட்சைக்குப் படிப்பது தெரியும். ரவுட்டர் பெட்டிகளை விலைக்கு வாங்கிப் பழக நமக்கு ஏது வசதி? அதனால் அந்தப் பெட்டிக்குள் இருக்கும் சாஃப்ட்வேரை மட்டும் இறக்கி, ஒரே கம்ப்யூட்டருக்குள் ஆறு ரவுட்டர் ஓடுவதாகப் பண்ணி வைத்திருந்தான். மூன்று மாதமாக ஓடியது. கரண்ட் போனாலும் நிற்காமலிருக்க நான் பேட்டரி வாங்கிப் போட்டேன். ஆயுத பூஜை வந்தது. பஸ் டெப்போவில் முப்பது வருஷம் மெக்கானிக்காக இருந்தவன், நான் பண்ணாத பூஜையா? அன்றைக்கு எந்த மெஷினும் ஓடக் கூடாது, ஓய்வு கொடுக்கணும். ஆறுக்கும் சந்தனம் வைக்கலாம்னு மேசைக்கு அடியில, கட்டிலுக்கு அடியில எல்லாம் தேடறேன், ஒண்ணுகூட இல்ல. "எல்லாம் உள்ளாறதான் இருக்குதாம்" என்றாள் மங்கலம். சரியென்று திரையிலேயே ஆறு பொட்டு வைத்து, பொரி கடலை படைத்து, சாம்பிராணி காட்டி, பட்டென்று சுவிட்சை அணைத்துவிட்டுக் கண்ணை மூடிக் கும்பிட்டேன். குளிச்சிட்டு வந்த புள்ள பாத்தான். "யாருப்பா நிறுத்துனது?"ன்னான். "நான்தான்டா, ஓய்வெடுக்கட்டும்"னேன். ஒரு வார்த்தை திட்டல மச்சான். திட்டியிருந்தா தேவலையே! மொட்டை மாடியில போய் உக்காந்தவன்தான், மூணு நாளா சோறு எறங்கல. கம்ப்யூட்டர் கடை ராஜ்கமலைக் கேட்டா, "சேவ் பண்ணாம நிறுத்திட்டீங்கன்னா அதுக்குள்ள அவன் எழுதி வச்சதெல்லாம் போச்சு மாமா"ங்கறான். பரீட்சை பதினெட்டாம் தேதி. பெத்த அப்பனே புள்ள பொழப்புல மண்ணள்ளிப் போட்டுட்டேனே! எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டு அவங்கிட்ட பேசுவேன்? தாய்மாமன் நீங்க வந்து ரெண்டு வார்த்தை சொன்னா கேப்பான். உடனே பஸ் ஏறுங்க.

உங்கள் வீட்டுக்காரி, தங்கச்சி ஸ்ரீமதியை விசாரித்ததாகச் சொல்லவும். குழந்தைகளுக்கு எங்கள் ஆசிகள்.

இப்படிக்கு,
கொளஞ்சியப்பன்

பி.கு.: கவரை ஒட்டப் போகையில் அன்பரசு வந்து கடிதத்தை வாங்கிப் படித்தான். "மாமாவுக்கு அனுப்பாதீங்கப்பா. பரீட்சை போன மாசமே எழுதிட்டேன். பெயிலு. உங்களுக்குத் தெரியக் கூடாதுன்னுதான் அத சும்மா ஓடவுட்டு வச்சிருந்தேன். அதுக்குப் போயி நீங்க பொட்டு வச்சிக் கும்புடறதப் பாத்ததும் என்னால தாங்க முடியல" என்று என் தோளில் சாய்ந்து அழுதுவிட்டான். நான் கெடுத்ததாகவே இருக்கட்டும் மச்சான். பெயிலான விஷயம் மங்கலத்துக்குத் தெரியாது. நீங்கள் வர வேண்டாம். இந்தப் பின்குறிப்பை மட்டும் கிழித்துப் போட்டுவிட்டு, மேலே இருப்பதைச் சொந்தக்காரர்கள் எல்லோருக்கும் படித்துக் காட்டுங்கள்.