கதை, வசனம், இயக்கம், நடிப்பு: வட்டவளை றோலண்ட்

மலைநாட்டுக்குப் புதிதாக வருகிறவர்களிடம் இரத்தம் குடிக்கும் அட்டையைப் பற்றி எல்லோரும் எச்சரிக்கிறார்கள். காலில் சவர்க்காரம் பூசு, பொட்டலத்தில் உப்பு வைத்துக்கொள் என்று ஆளுக்கொரு யோசனை சொல்கிறார்கள். ஆனால் அதே ஈரத்தில், அதே பனியில் செழித்து வளரும் இன்னோர் இனத்தைப் பற்றி ஒருவரும் வாய் திறப்பதில்லை. தானே எழுதி, தானே இயக்கி, தானே நடிக்கும் இனம் அது. அட்டையாவது உப்புப் பட்டால் விழுந்துவிடும். இவர்?

இவரை நீங்கள் ஹட்டன் பஸ் தரிப்பிடத்தில் பார்த்திருப்பீர்கள். எதிரே நிற்கும் பஸ்ஸின் பெயர்ப்பலகையே தெரியாத பனியில் கறுப்புக் கண்ணாடி போட்டிருப்பார். கழுத்தில் ஒரு மப்ளர் இருக்கும், அது குளிருக்கல்ல. போன் அடித்தால் மூன்று முறை அடிக்கவிட்டு எடுத்து, "சொல்லுங்க, ஒரு திரைக்கதைக்குள்ள இருக்கேன்" என்பார். பஸ்ஸுக்குள்தான் இருப்பார். நீங்கள் தெரியாத்தனமாக "எப்படி சேர் சுகம்?" என்று கேட்டுவிட்டால் போச்சு. கலைக்காகத் தான் இழந்ததில் தொடங்கி, இனி இழக்கப்போவது வரை சொல்லி முடிப்பதற்குள் உங்கள் நோர்வூட் பஸ் போய்விடும், அடுத்ததும் போய்விடும்.

நமது றோலண்ட் அந்த இனத்தின் முழு வளர்ச்சி பெற்ற மாதிரி. பிறந்தது வட்டவளைப் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்தில், தொழிலாளர் வரிசை வீடொன்றில். தொழில், பாடசாலையில் தமிழ் கற்பிப்பது. 'கலைச்சிகரம்' என்பது பட்டம். பட்டத்தை வழங்கியது ஒரு கலை மன்றம்; மன்றத்தின் தலைவர் யார் என்று நீங்கள் கேட்கக்கூடாது.

இவருடைய கலைப்பயணம் தேவாலயத்து நத்தார் நாடகத்தில் தொடங்கியது. அப்போது இளைஞர். சூசையப்பர் வேடம் கொடுத்தார்கள். மாட்டுத்தொழுவத்தில் மரியாளுக்குப் பக்கத்தில் கோலை ஊன்றிக்கொண்டு சும்மா நிற்கவேண்டும், அவ்வளவுதான். நின்றாரா? குடியிருக்க இடமில்லாத ஏழையின் துயரத்தைப் பற்றி ஒரு முழக்கம் தொடங்கினார் பாருங்கள், பாலன் யேசுவாகப் படுக்க வைத்திருந்த நிஜக் குழந்தை பசியில் அழுதது, மூன்று ஞானிகள் திரைக்குப் பின்னால் கொட்டாவி விட்டார்கள், ஏரோது மன்னன் வேடம் கலைத்து வீட்டுக்கே போய்விட்டான். நாடகம் முடிந்ததும் பங்குத்தந்தை அன்டன் அடிகளார் தனியே கூப்பிட்டார்.

"றோலண்ட், பைபிள்ல சூசையப்பர் ஒரு வார்த்தகூட பேசலயேப்பா."

"அதனாலதான் ஃபாதர், அடக்கி வச்சிருந்ததயெல்லாம் இன்னைக்குப் பேசிட்டாரு."

அடுத்த வருடம் இவருக்கு ஒட்டக வேடம் கொடுத்ததாகச் சிலர் சொல்கிறார்கள். நான் அதை நம்பவில்லை. ஒட்டகமும் பேசியிருக்குமே.

பிறகு சொந்த நாடகங்கள். எல்லாவற்றிலும் ஒரு கொடிய தோட்டத்துத் துரை, ஓர் ஏமாளிக் கூட்டம், அந்தக் கூட்டத்துக்கு விடிவு காட்டும் ஒரே ஒரு வீரன். வீரன் யார் என்று சொல்லத் தேவையில்லை. சுவரொட்டியில் கதை, வசனம், பாடல், இயக்கம், நடிப்பு என்று ஐந்து இடத்தில் அவர் பெயர். மிச்சமிருக்கும் ஓரத்தில் 'மற்றும் பலர்'. ஒத்திகையில் வேறு யாராவது நன்றாக நடித்துவிட்டால் இவருக்கு அன்றிரவு நெஞ்சு கரிக்கும். மறுநாள் அந்த வசனம் வீரனுக்கு மாறிவிடும். எல்லாம் நாடகத்தின் நன்மைக்காகத்தான்.

ஐம்பது வயதைத் தாண்டியபோது திடீரென்று மேடையைத் துறந்தார். காரணம் கேட்டவர்களிடம், "மேடையில பின்வரிசைக்கு மொகம் சின்னதாத் தெரியுதுங்க" என்றார். ஆகவே சினிமா. படத்தின் பெயர் 'மலை விழித்தது'. கதாநாயகனுக்கு வயது இருபத்துமூன்று. மறுபடியும் யாரென்று கேட்காதீர்கள். தலைக்கு மை பூசினார், வயிற்றை உள்ளே இழுத்துக் கட்டினார், மூச்சை மட்டும் படப்பிடிப்பு இடைவேளைகளில் விட்டுக்கொண்டார்.

ஒளிப்பதிவுக்கு ஷிஹாம் வந்தான். ஹட்டனில் துணிக்கடை வைத்திருக்கும் சரிபுதீன் நானாவின் மகன்; கல்யாண வீடுகளில் வீடியோ எடுத்துக் கை தேர்ந்தவன், பொறுமைசாலி. கதாநாயகியாக வந்தவள் தனுஷிகா. இவரிடம் படித்த பிள்ளை, நன்றாக நடிக்கவும் தெரிந்தவள். அவளுக்கு அதுதான் வினையாகப் போயிற்று. முதல் நாள் அவளுக்கு ஒரு பக்க வசனம் இருந்தது. இரண்டாம் நாள் நான்கு வரி. மூன்றாம் நாள் அவள் கேட்டாள்:

"சேர், இந்த சீன்ல நான் என்ன பேசணும்?"

"நீ பேச வேணாம்மா. நான் பேசறப்ப நிமிந்து என்னப் பாத்து பிரமிக்கணும்."

பாதையில் இவர் மேட்டிலும் அவள் பள்ளத்திலுமாக நிற்க, மாலை வரை பிரமித்தாள். அதற்கடுத்த நாள் வரவில்லை. 'கழுத்து வலி சேர், மன்னிச்சிருங்க' என்று குரல் பதிவொன்று வந்தது. அவளோடு படத்தின் முடிவும் போனது. கதாநாயகன் போராட்டத்துக்குப் புறப்படும்போது காதலி தடுக்கவேண்டும், இவர் அவள் கையை உதறிவிட்டுப் போகவேண்டும். இப்போது உதறுவதற்குக் கை இல்லை. ஹட்டன் மண்டபத்தில் வெளியீட்டு விழாவுக்கு நாள் குறித்து, அழைப்பும் அனுப்பியாயிற்று.

அப்போதுதான் வீட்டில் ஒருத்தி இருப்பது இவர் நினைவுக்கு வந்தது.

பவுலின் மருந்துக்கடையில் வேலை செய்கிறவள். கணவனைவிட மூன்று வயது இளையவள். 'மற்றும் பலர்' என்று சுவரொட்டியில் வருமே, ஒத்திகைக்குத் தேநீர் ஊற்றியதும், மன்னர்களின் அங்கி தைத்ததும், ஆள் வராத நாளில் கூட்டமாக நின்றதும் பெரும்பாலும் அவள்தான்.

"பவுலின், நீ நடிக்கிற."

"காதலியாவா?" என்றாள், கொஞ்சம் சிரித்து.

"அம்மாவா. ஒனக்கு அதான் பொருந்தும்."

அவள் சிரிப்பை மடித்து வைத்துக்கொண்டு, "சரிங்க" என்றாள். தலைக்கு முகப்பவுடர் கொட்டி நரைக்க வைத்தார்கள்.

ஆள் குடியில்லாத ஒரு லயத்துக் காம்பராவில், அந்த ஒற்றை அறைக்குள், படப்பிடிப்பு. கெமராவைப் பவுலினின் தோளுக்குப் பின்னால் வைக்கச் சொன்னார் றோலண்ட். அம்மா அழுதாலும் மகனின் முகம்தானே தெரியவேண்டும்? வசனம் இதுதான்: 'மகனே, நீ இந்த மலையின் சூரியன்! உன் கரத்தில் அல்லவா நம் விடியல்!'

பவுலினுக்கு வரவில்லை. 'சூரியன்' என்றதும் அவர் வயிற்றைப் பார்த்துவிடுகிறாள், சிரிப்பு வந்துவிடுகிறது. பலமுறை எடுத்தும் சரிவரவில்லை. வெளிச்சம் மங்கிக்கொண்டிருந்தது.

"அழு பவுலின்! ஒன் மகன் சாகப் போறான், ஒனக்கு ஒண்ணுமே தோணலயா? மனசுல இருக்கிறதப் பேசு!"

இந்த இனத்தார் இந்தக் கட்டளையை ஊரில் எல்லோருக்கும் இடுவார்கள். யாராவது அதன்படி நடந்தால் என்ன ஆகும் என்று யோசித்திருக்கமாட்டார்கள். ஷிஹாம் கெமராவை ஓடவிட்டான். பவுலின், கல்யாணமான நாளிலிருந்து 'நீங்க' என்று மட்டுமே அழைத்த மனிதனை, அம்மா வேடம் தந்த உரிமையில், முதல்முறையாக ஒருமையில் அழைத்தாள்.

"போ. நீ எப்ப வீட்டுல இருந்த, இப்ப புதுசாப் போறதுக்கு? புள்ளக்கிக் காய்ச்சல் வந்தப்ப ஒத்திகையில இருந்த. எங்கப்பா செத்தப்ப வந்த, இல்லன்னு சொல்லல. பொணத்த எடுக்க விடாம மைக்கப் புடிச்சுக்கிட்டு ஒன்னயப் பத்தியே பேசுன. ஊரு கஷ்டமெல்லாம் ஒனக்கு மனப்பாடம். வீட்டுல ஒருத்தி நெஞ்சு வலிக்குதுன்னா, 'மொகத்த அப்படியே வச்சிரு, நாடகத்துக்கு ஒதவும்'ங்கிற. நான் என்னா பெருசாக் கேட்டேன்? ஒரு நா, ஒரே ஒரு நா, நான் பேசி முடிக்கிற வரைக்கும் நின்னு கேளு. அதுக்கப்பறம் எங்க வேணுமின்னாலும் போ."

றோலண்ட் வாயைத் திறந்தார். வாழ்க்கையில் முதல்முறையாக அதற்குள் ஒன்றும் இருக்கவில்லை. இழுத்துப் பிடித்திருந்த வயிறு தளர்ந்து இறங்கியது. கண் எங்கே பார்ப்பதென்று தெரியாமல் நிலத்துக்கும் அவள் முகத்துக்கும் அலைந்தது. மாமனார் சாவு வீட்டில் தான் பேசியது அவருக்கு நன்றாக நினைவிருந்தது, கைதட்டல்கூட எதிர்பார்த்திருந்தார். பவுலின் பவுடர் தலையைத் தட்டிக்கொண்டு வெளியே போய், தண்ணீர்க் குழாயைத் திறந்து முகம் கழுவினாள்.

இனி அவர் என்ன செய்தார் என்று நினைக்கிறீர்கள்? பின்னால் போய்க் கையைப் பிடித்தாரா?

"கட்!" என்றார். "ஷிஹாம், இது வசனத்துல இல்ல. தூக்கிரு."

ஆனால் அந்த இரவு அவருக்குச் சோறு இறங்கவில்லை. பவுலின் வழக்கம்போலப் பரிமாறினாள். வழக்கம்போல "நீங்க" என்றாள். அந்த "நீங்க" இத்தனை தூரத்திலிருந்து வரும் சொல் என்று அவருக்கு அதுவரை தெரியாது. ஏதோ சொல்ல வாயெடுத்தார். அதுவும் வசனம் மாதிரியே இருந்ததால் விட்டுவிட்டார்.

படத்தொகுப்பு சரிபுதீன் நானாவின் கடை மாடியில் நடந்தது. அங்கே மற்றவர்களுடைய காட்சியெல்லாம் குறைந்துகொண்டே வந்து, கடைசியில் அந்தக் காட்சிக்கு வந்து நின்றது. வெட்டினால் கதை ஒட்டாது. விட்டால் இவர் மானம் போகும். ஷிஹாமுக்கு அதை வெட்ட மனமில்லை. கெட்டிக்காரப் பையன், கெஞ்சவில்லை.

"சேர், நல்லாப் பாருங்க. இதுல அக்கா மொகம் தெரியவே இல்ல. முழுக்க உங்க மொகந்தான், அதும் குளோசப்புல. இப்படி ஒரு நடிப்ப நீங்க இதுக்கு முன்னுக்கு தந்ததில்ல சேர்."

றோலண்ட் கண்ணாடியைக் கழற்றிவிட்டுப் பார்த்தார். மறுபடி போடச் சொல்லிப் பார்த்தார்.

"இருக்கட்டும்" என்றார்.

வெளியீட்டு விழாவுக்கு மண்டபம் நிறைந்தது. பாதிப்பேர் உறவினர், மீதிப்பேர் ஆசிரியர்கள், முன்வரிசையில் அன்டன் அடிகளார். இருபத்துமூன்று வயது வீரன் தோட்டத்து வடிகால் கானைத் தாண்டிக் குதித்தபோது பின்வரிசையில் சிரித்தார்கள். காலையில் ஆட்களைக் கூட்டும் பெரட்டுக்களத்தில் அவன் துரையை மிரட்டியபோது போன்களின் வெளிச்சம் முகங்களில் பூத்தது. பிறகு அந்தக் காம்பரா வந்தது. "போ. நீ எப்ப வீட்டுல இருந்த" என்று முகம் தெரியாத ஒருத்தியின் குரல் கேட்டதும் போன்கள் ஒவ்வொன்றாக அணைந்தன. கல்யாணமே ஆகாத வீரனுக்குக் காய்ச்சல் வந்த பிள்ளை ஏது என்று ஒருவரும் கேட்கவில்லை. எங்கோ ஒரு பெண் மூக்கை உறிஞ்சினாள். அவளுக்குப் பக்கத்திலிருந்த கணவர் இருக்கையில் நெளிந்தார். காட்சி முடிந்து கைதட்டல் ஓய்வதற்குள் படமே முடிந்துவிட்டது.

கூட்டம் பவுலினைச் சூழ்ந்துகொண்டது. தனுஷிகா ஓடிவந்து கட்டிக்கொண்டு, "அம்மா, எனக்கும் சேத்து பேசிட்டீங்க" என்றாள். கண்டியிலிருந்து வந்திருந்த ஜெரோமி என்ற இளம் இயக்குநர், தன்னுடைய படத்தில் நடிக்க வருவீர்களா என்று அங்கேயே கேட்டான். மேடையில் ஒற்றை மாலையோடு தனியே நின்ற றோலண்ட் மைக்கைப் பிடித்தார்.

"இப்ப பாத்தீங்களே, அந்த நடிப்பு. அத அவங்களுக்குள்ள இருந்து வெளிய கொண்டுவர எனக்கு இருபத்தஞ்சு வருசம் ஆச்சுங்க!"

முதலில் சிரித்தவள் பவுலின். பிறகு எல்லோரும். தான் என்ன சொன்னோம் என்று றோலண்டுக்கு விளங்க வீட்டுக்குப் போகும் வழியில் பாதித் தூரம் ஆயிற்று. விளங்கியபோது ஓட்டோவில் அவள் பக்கம் திரும்பி, மப்ளரைக் கழற்றி அவள் காதைச் சுற்றிப் போட்டார். வாயைத் திறக்கவில்லை. அவரைப் பொறுத்தவரை அது பெரிய காரியம்.

ஜெரோமியின் படப்பிடிப்பு நானுஓயா ஸ்டேஷனில் நடந்தது. பவுலினுக்கு ரயிலை எதிர்பார்த்து நிற்கும் ஒரு தாய் வேடம். பையும் சுடுநீர்ப் போத்தலும் தூக்கிக்கொண்டு றோலண்டும் போனார்.

"சேர், கொஞ்சம் பிரேமுக்கு வெளிய வந்துருங்க" என்றான் ஜெரோமி.

வந்தார். இன்னும் கொஞ்சம் வரச் சொன்னான்; வந்தார். தண்டவாளத்தைப் பார்த்தபடி பவுலின் நின்ற நிற்பை, ரயில் மேடையின் கடைசிப் பெஞ்சிலிருந்து பார்த்தார். ஒரு சொல்லும் பேசாமல் ஒருத்தி இவ்வளவு சொல்ல முடியுமா என்று நினைத்தார். நினைத்ததை யாரிடமும் சொல்லாமலே கொஞ்சநேரம் வைத்திருந்தார்.

பக்கத்தில் மரக்கறிப் பெட்டியோடு வந்து உட்கார்ந்தவர் கேட்டார்: "என்னா ஷூட்டிங்குங்க? யாரு ஹீரோ?"

றோலண்ட் தொண்டையைச் செருமினார். உள்ளே ஏதோ ஒரு போராட்டம் நடந்தது.

"ஹீரோவெல்லாம் இல்லீங்க. அந்தா நிக்கிறாங்களே, எங்க வீட்டுக்காரம்மா, அவங்க படம்."

சொல்லிவிட்டார். சொல்லியேவிட்டார். அதோடு நிறுத்தியிருந்தால் இந்தச் சித்திரத்தையே நான் கிழித்துப் போட்டிருப்பேன்.

"நடிப்பு சொல்லிக் குடுத்தது நாந்தான்" என்று சேர்த்துக்கொண்டார்.

சரி, றோலண்ட் சேரைப் பார்த்துச் சிரித்தது போதும். போன கிழமை ஒரு கல்யாண வீட்டுப் படம் உங்கள் போனுக்கு வந்ததே, சொந்தபந்தமெல்லாம் வரிசையாக நிற்கும் படம். அதில் இரண்டு விரலை வைத்து முதலில் யார் முகத்தைப் பெரிதாக்கினீர்கள்? 'படம் சரியில்ல, இன்னொண்ணு இருந்தா அனுப்புங்க' என்று பதிலும் போட்டீர்கள். மணமகள் கண்ணை மூடியிருந்தாள் என்பதற்காகவா போட்டீர்கள்?