தவளைக்குத் தம்பியான பல்லி

திருவண்ணாமலையில் இருந்துகொண்டு மலையைச் சுற்றாத ஆள்கூட உண்டு. கட்டம் சாரின் கட்டத்தில் மாட்டாத ஆள் கிடையாது. என்னை, என் பைக்கை, பௌர்ணமிக் கூட்டத்தை, மெஸ் சாம்பாரை, எதையும் அவர் விட்டுவைத்ததில்லை.

நான் வேங்கிக்கால் ஆபீசில் சேர்ந்த புதிதில், செங்கம் ரோட்டுப் பக்கம் ஒரு வீட்டு மாடியில் எங்கள் இருவருக்கும் அடுத்தடுத்த அறை. அவர் பல்லி ஆராய்ச்சிக்காரர். எந்தப் பல்லி எதற்கு அண்ணன், எது ஒன்றுவிட்ட தம்பி என்று கண்டுபிடிக்க வேண்டும். அதற்குக் கட்டம் போடுவார். இடப்பக்கம் பல்லிகளின் பெயர், மேலே அடையாளங்கள். இருந்தால் ஒன்று, இல்லாவிட்டால் பூஜ்யம். கம்ப்யூட்டரில் கொடுத்தால், யாருக்கு யாரோடு ஒத்துப்போகிறது என்று பார்த்து, கிளை கிளையாக வம்ச மரம் வரைந்துவிடும்.

அதோடு நிறுத்தினாரா மனுஷன்? ஒரு நாள் மெஸ்ஸில் குழம்புகளுக்கும் மரம் போட்டார்.

"அண்ணே, உங்க சாம்பாரும் ரசமும் கூடப் பொறந்ததுங்க. பருப்பு ஒண்ணுதான் வித்தியாசம் இருக்கணும். இங்க அதுவும் ரெண்டுலயும் பூஜ்யம்."

மெஸ்காரர் கரண்டியைக் கீழே வைத்தார். "அப்ப நாளைலேர்ந்து உனக்கும் இங்க பூஜ்யம்தான். கெளம்பு."

அவர் கோபம் ஆறும்வரை சாருக்கு நான்தான் பார்சல் வாங்கிப் போனேன்.

இப்படிப்பட்டவருக்கும் ஒரு கண்டம் வந்தது. ஏற்கெனவே அவர் மரம் சொதப்பியிருந்தது. "இந்தத் தடவையும் தப்பா வந்தா மூட்டையக் கட்டிக்கோ" என்று அவர் ஆராய்ச்சிக்குக் கைடாக இருந்த பேராசிரியர் சொல்லிவிட்டு, பார்க்க நேரிலேயே வருகிறார். சாருக்கு வேறு பிழைப்பும் தெரியாது. டீ போடக்கூடத் தெரியாது.

கைடு வருகிற அன்று காலை சார் அலறிய அலறலில், பல் தேய்க்கிற பிரஷோடு ஓடினேன். ஒப்பிட்டுப் பார்க்க வெளியாள் ஒன்று வேண்டுமென்று ஒரு தவளையையும் கட்டத்தில் சேர்த்திருந்தார். எங்கள் பாத்ரூம் பல்லி, சொந்தபந்தத்தை எல்லாம் உதறிவிட்டு அந்தத் தவளையோடு போய் ஒட்டிக்கொண்டிருந்தது.

"தவளைக்குத் தம்பியாம்பா! கைடு என்னைக் கொன்னுடுவாரு!"

சத்தம் கேட்டு வீட்டுக்கார அக்கா துடைப்பமும் கையுமாக மேலே வந்தார். "இன்னா சார், காலங்காத்தால?"

"பாருங்கக்கா. வாலு பூஜ்யம், வாலுல வரி பூஜ்யம், வாலுல சொரசொரப்பு பூஜ்யம். தவளைக்கும் வாலு இல்ல, இதுக்கும் இல்ல!"

அக்கா துடைப்பத்தை மெதுவாக முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனார். "பாத்ரூம் பல்லியா சார்? நான்தான் ஒரு போடு போட்டேன். வாலை வுட்டுட்டு ஓடிடுச்சு."

பல்லி வால் அறுந்துவிழும் என்று ஊருக்கே தெரியும். பல்லியோடு குடித்தனம் நடத்துகிறவருக்கு, கட்டத்தைக் கண்டால் பல்லி மறந்துவிடும். சார் சட்டென்று மூன்று பூஜ்யத்தையும் அழித்துவிட்டு மூன்று கேள்விக்குறி போட்டார்.

"இல்லாதது வேற, தெரியாதது வேறப்பா. தெரியலன்னா பூஜ்யம் போடக் கூடாது" என்றார், ஏதோ தப்பு என்னுடையது போல.

மறுபடி கம்ப்யூட்டரில் கொடுத்ததும், பல்லி தன் குடும்பத்தோடு சேர்ந்துகொண்டது. கைடு மரத்தைப் பார்த்து, சரி என்று தலையாட்டிவிட்டு, அக்கா கொடுத்த காபியைக் குடித்தார்.

பட்டம் வாங்கிய கையோடு சார் வடக்கே வேலைக்குப் போய்விட்டார். போன் நம்பரை மாற்றினார். புது நம்பரை நாலு பேருக்குச் சொல்ல வேண்டும் என்கிற நினைப்பெல்லாம் அவருக்கு ஏது!

"அந்தாளு உன்ன நெனச்சாவது பாப்பானா?" என்று மெஸ்காரர் இன்றும் என்னைச் சீண்டுகிறார்.

எனக்குத் தெரியாது. ஆனால் அந்தக் கட்டத்தில் பூஜ்யம் போட மனசு வரவில்லை.