பொல்லுப் புரொபசரும் கல்யாணச் சஹனும்

இதை எழுதுவதா வேண்டாமா என்று பல வருடம் தயங்கினேன். எழுதினால் அவரே பிழை திருத்தித் திருப்பி அனுப்புவார் என்ற பயம்.

எங்கள் ஊரில் பாம்புக்கு அடுத்தபடியாக மனிதர்கள் பயந்தது பொல்லுப் புரொபசருக்குத்தான். போலியோவில் ஒரு கால் சூம்பி, பொல்லு ஊன்றி நடப்பவர். கைத்தறிக்காரர் கூலிக்குப் போராடிய வரலாறு, மாற்றுத்திறனாளிகளின் உரிமை, சமூகநீதி என்று தடித்தடியாகப் புத்தகம் எழுதினார். வாசித்தவர்கள் குறைவு, பயந்தவர்கள் அதிகம். அநியாயம் செய்தவன் அடுத்த புத்தகத்தில் பெயரோடு வந்துவிடுவான். சாய்வுப் பாதை இல்லாமல் படி மட்டுமே இருந்த ஓர் அரசாங்கக் கந்தோரின் வாசலில் நின்று தன் புத்தகத்தை உரக்க வாசித்தார். முன்னுரை முடியுமுன்னே கந்தோரின் பெரிய ஐயாவே கீழே இறங்கி வந்துவிட்டார்.

என் மூத்த மகளுக்குக் கல்யாணம் வந்தது. அவரை அழைக்காவிட்டால் புத்தகத்தில் வருவோம். அழைத்தால் எதற்காக வருவோமோ தெரியாது. தொழுகையிலும் இதே யோசனை, அல்லாஹ் மன்னிக்கட்டும். கடைசியில் அழைத்தேன்.

"மாப்பிள்ள ஊட்டுக்காரர் முன்னால மனிசன் ஒண்டும் கதைக்காம இரிக்கோணும்" என்றாள் மனைவி. "நீங்க பக்கத்திலயே நில்லுங்க."

நின்றேன். ஒரே தட்டில் போட்ட சோற்றைச் சுற்றி எல்லோரும் பாயில் அமர்ந்தார்கள். அந்தச் சஹன்தான் எங்கள் விருந்து. மாப்பிள்ளையின் மாமாவுக்குச் சீனி வருத்தத்தில் ஒரு காலை வெட்டி எடுத்திருந்தார்கள். அவருக்கு மூலையில் கதிரை போட்டு, தனிப் பீங்கான் தட்டில் சோறு வைத்திருந்தோம். மரியாதை என்றுதான் நினைத்தோம்.

புரொபசர் அந்தக் கதிரையருகில் நின்றுவிட்டார்.

"இவர என்னத்துக்கு மூலைல வெச்சிரிக்கீங்க?"

"கீழ இரிக்க ஏலாது, சேர்" என்றேன்.

"அவருக்குக் கீழ வர ஏலாட்டி, சஹனுக்கு மேல வர ஏலாதா?"

பந்தலே திரும்பிப் பார்த்தது. மாப்பிள்ளையின் வாப்பா முகம் இறுகி எழுந்தார். சம்பந்தம் போச்சு என்று ஸலவாத்து ஓதத் தொடங்கினேன்.

அந்த வாப்பாவோ குனிந்து சஹனின் விளிம்பைப் பிடித்தார். "என்ன பாத்துக்கிட்டு இரிக்கீங்க, மறுபக்கம் புடிங்க" என்றார்.

நீண்ட மர வாங்குப் பலகையின் மேல் சஹன் ஏறியது. சுற்றிலும் கதிரை போட்டார்கள். மாமா கை கழுவிய பிறகும் சோற்றில் கை வைக்கவில்லை.

"கால் போனதிலிரிந்து எனக்குத் தனிச் சோறுதான், தம்பி" என்றார் புரொபசரிடம்.

புரொபசர் இறைச்சித் துண்டை ஓர் அண்ணனுக்குப்போல அவர் பக்கம் தள்ளினார். "திண்ணுங்க காக்கா. பாத்துக்கிட்டு இரிந்தா இவனுகள் முடிச்சிருவானுகள்."

"இது புத்தகத்தில வருமா, சேர்?" என்று காதோரம் கேட்டேன்.

"சோத்துக்குள்ள புத்தகத்தக் கதைக்காதீங்க."

இப்போது அவருக்கு உடம்பு முன்போல் இல்லை. வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்கு அவர் வரப் பிந்தினால், குத்பாப் பிரசங்கம் காதில் விழ, என் கண் பள்ளிவாசல் கதவிலேயே நிற்கிறது. இதை யாருக்குச் சொன்னாலும் கூட்டாமல் குறைக்காமல் சொல்லுங்கள். சொல்லும்போது அவருக்காக ஒரு துஆவும் கேளுங்கள்.