லைன்மேனின் ரம்புட்டானும் ஆல்கிளியும்

பாறசாலைக்கும் நெய்யாற்றின்கரைக்கும் நடுவே உள்ள கோபம் முழுவதையும் ஒரே ஆள் குத்தகைக்கு எடுத்திருக்கிறார். அவர் எங்கள் பக்கத்து வீட்டு லைன்மேன் அண்ணன். மின்வாரிய வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகும் அந்தப் பெயர்தான். சொந்தப் பெயர் ரேஷன் கார்டில் மட்டும் உண்டு. மழை பெய்தால் மழையை ஏசுவார். பெய்யாவிட்டால் டிவியில் வானிலை வாசிக்கிற பெண்ணை ஏசுவார். மனைவி தங்கம் அக்கா இறந்தபின் சமையலும் அவரே. சட்னியில் உப்பு குறைந்தால், அதை அரைத்தவனைப் பெயர் சொல்லி ஏசிவிட்டுத்தான் சாப்பிடுவார்.

ஆனால் இதெல்லாம் சில்லறைக் கோபம். மொத்தக் கோபத்தையும் வாங்கிக்கொண்டது ஓர் ஆல்கிளி.

பச்சை உடம்பு, சிவந்த நெற்றி, சிவந்த தொண்டை, ஓரத்தில் கொஞ்சம் நீலம். பெயரில்தான் கிளி, ஆள் குக்குறுவான் இனம். அளவு என்னவோ கைப்பிடிதான். மலைக்காட்டில் அத்திப்பழம் தின்ன வேண்டியது, இறங்கி வந்து லைன்மேன் வீட்டு ரம்புட்டான் மரத்தில் குடியேறிவிட்டது. விடிந்ததும் ஒரே சுருதியில் கத்தத் தொடங்கும். உடனே இவரும் தொடங்குவார்.

"எலே, ஒனக்கு மலையில காடு கெடக்குல்லா? பெயிண்ட் அடிச்ச மோறையும் கொண்டு எனக்க மரத்துலயா வரணும்? எறங்குலே."

பாலராமபுரம் கைத்தறிக் கடையில் நாள் முழுவதும் நின்று வேலை பார்க்கிறவன் நான். காலையில் இன்னும் அரைமணி நேரம் தூங்க எனக்கு உரிமை இல்லையா? கத்துகிறவர்கள் இருவர் மேலும் எனக்குக் கொலைவெறி வரும்.

அவர் கோபத்துக்குக் காரணம் இருந்தது. அந்த ஒட்டுக்கன்றை நட்டது தங்கம் அக்கா. முதல் காய்ப்பு சர்ச்சுக்கு என்று நேர்ந்துவிட்டு, மரம் பூக்கும் முன்பே போய்விட்டார். எங்கள் சர்ச்சில் அறுப்பின் பண்டிகைக்கு எல்லாரும் முதல் விளைச்சலைக் கொண்டுவந்து வைப்பார்கள். ஆராதனை முடிந்ததும் அதை லேலம், அதாவது ஏலம், விடுவார்கள். அது நடக்கும்வரை லைன்மேன் ஒரு பழத்தைக்கூட வாயில் வைக்க மாட்டார். ஆல்கிளிக்கு அந்த நேர்ச்சை எதுவும் கிடையாது. தினமும் தொலியில் ஓட்டை போட்டுத் தின்றது.

லைன்மேன் கோட்டுகால் கடற்கரைப் பக்கம் போய்ப் பழைய மீன்வலை ஒன்றை வாங்கி வந்து மரத்தை மூடினார். வாங்கினவர் கழுவினாரா? இல்லை. மீன் நாற்றத்துக்குத் தெருப் பூனைகள் எல்லாம் மரமேறின. பூனைகளை விரட்ட இவர் ஏற, இவர் ஏசுவதைக் கேட்க ஆள் கூட, ஒரு வாரம் எங்கள் தெருவுக்கு டிவி தேவைப்படவில்லை.

பண்டிகைக்கு முந்தின நாள் காலை அவர் கத்தியது வேறு மாதிரி இருந்தது. ஓடினேன். ஆல்கிளி வலையில் மாட்டித் தலைகீழாகத் தொங்கியது. லைன்மேன் கம்பம் ஏறுகிற பழைய இடுப்பு பெல்ட்டைக் கட்டிக்கொண்டு உச்சியில் நின்றார். பறவை அவர் கட்டைவிரலைக் கொத்தி ரத்தம் எடுத்திருந்தது.

"அடங்கி இருலே சவமே. செறகு முறிஞ்சா நான் பொறுப்பில்ல, ஆக்கும்."

ஏசிக்கொண்டே ஒவ்வொரு கண்ணியாக வெட்டினார். பறவை பறந்தது. வலை இரண்டு துண்டாகக் கீழே விழுந்தது. வேறு வலை வாங்க நேரமில்லை. மறுநாள் காலைக்குள் வௌவாலும் அணிலும் மரத்தைத் துடைத்துவிட்டன. மிஞ்சியது ஒரே பழம். அதிலும் ஆல்கிளி போட்ட ஓட்டை.

அதைத்தான் அவர் தட்டில் வைத்துக் கொண்டுபோனார். லேலம் விட்ட கமிட்டிக்காரர் அதைத் தூக்கிக் காட்டி, "இது லைன்மேனுக்க காணிக்கையா, ஆல்கிளிக்க எச்சியா?" என்றார். சர்ச்சே சிரித்தது. எனக்கு உச்சந்தலை கொதித்தது. செத்துப்போன ஒருத்தியின் நேர்ச்சையைப் பார்த்தா சிரிப்பது? எழுந்து முதல் விலை நான்தான் கேட்டேன். லைன்மேன் என் பக்கம் திரும்பினார்.

"எலே, ஒன்ன எவன் கேட்டான்?"

எனக்கு மேலே அவர் கேட்டார். அவருக்கு மேலே நான். ஓட்டைப் பழம் ஒன்றுக்காக இரண்டு பேர் தொண்டை கிழியக் கத்த, போதகர் எழுந்து வந்து அதை லைன்மேன் கையில் கொடுத்தார்.

வெளியே வந்து, கொத்தின பக்கத்தை ஒதுக்கிவிட்டு அவர் மெதுவாகத் தின்றார். அந்த மரத்தின் ருசி அவருக்கே அன்றுதான் தெரிந்தது.

"நல்ல இனிப்பு உண்டு மக்கா," என்றார். "தங்கத்துக்குக் கைராசி உண்டு. அந்தச் சவத்துக்கு இது முன்னாலயே தெரிஞ்சிருக்கு, பாத்தியா." கண்ணைத் துடைத்துக்கொண்டு என்னைத்தான் முறைத்தார்.

இந்த வருஷம் வலை இல்லை. கேட்டதற்கு, "நேர்ச்சை தீந்தாச்சு. இனி அது தின்னட்டு. ஏசாம மட்டும் விடமாட்டேன்," என்றார்.

போன வாரம் அவருக்குக் கண் ஆபரேஷன். காஞ்சிரங்குளத்தில் மகள் வீட்டில் இருக்கிறார். காலையில் ஆல்கிளி மட்டும் தனியாகக் கத்துகிறது. இரண்டு நாள் பொறுத்துப் பார்த்தேன். மூன்றாம் நாள் நானே வேலியருகே போய் நின்று, எனக்குத் தெரிந்த ஏச்சையெல்லாம் ஏசினேன். அது இலைக்கு நடுவிலிருந்து தலையைச் சாய்த்துப் பார்த்துவிட்டு, பழத்தைக் கொத்தப் போய்விட்டது. என் ஏச்சில் காரம் போதவில்லை. அண்ணன் சீக்கிரம் வந்துவிட வேண்டும்.